துசாஜிக்வே சொன்னதும் நான் சொன்னதும்

என் பெயர் அம்பாகிசியே. ருங்வே மலையின் தெற்குச் சரிவில் இருக்கும் லுகோம்பே ஊரில், மிஷன் பள்ளிக்குப் போய் ஆங்கிலம் படித்த முதல் மூன்று பேரில் நானும் ஒருவன். மற்ற இருவரில் ஒருவன் பாதிரியாராகிவிட்டான். இன்னொருவன் செம்புச் சுரங்க வேலைக்குப் போனவன், திரும்பி வரவில்லை. அதனால் 1955இல் டாக்டர் ஹெஸ்டர் பாலின் எங்கள் ஊரில் வந்து தங்கியபோது அவருக்கு மொழிபெயர்க்க ஊரில் இருந்த ஒரே ஆள் நான்தான்.

டாக்டர் என்று கேள்விப்பட்டதும் முதல் வாரமே புண்ணும் இருமலுமாக ஒரு கூட்டம் அவர் வாசலில் வந்து உட்கார்ந்துவிட்டது. தான் வைத்தியம் பார்க்கிற டாக்டர் இல்லை, மனிதர்கள் எப்படி வாழ்கிறார்கள், எதை நம்புகிறார்கள் என்று படிக்கிற டாக்டர் என்று அவர் சொன்னார். நான் அதை எங்கள் மொழியில் சொன்னேன். காலில் பெரிய புண்ணோடு முன்னால் உட்கார்ந்திருந்த கிழவர் எழுந்தார்.

"அப்ப இந்தம்மாவுக்கு ஒண்ணும் தெரியாது. நம்மகிட்ட கேட்டுத் தெரிஞ்சுக்கத்தான் வந்திருக்கு. அதைச் சொல்லித் தொலைக்க வேண்டியதுதானே!"

அதையும் மொழிபெயர்த்தேன். டாக்டரம்மா கண்ணில் நீர் வரச் சிரித்தார். "அவர் சொன்னதுதான் சரி" என்றார். அன்றிலிருந்து ஊருக்கு அவரைப் பிடித்துப்போனது.

இரண்டு வருடம் அவரோடு சுற்றினேன். மாமனார் வந்தால் மருமகள் ஏன் முகத்தை மூடிக்கொண்டு வாழைத்தோப்புக்குள் ஓடுகிறாள், யார் கல்யாணத்துக்கு யார் மாடு கொடுத்தார்கள், சாவு வீட்டில் ஈட்டியோடு ஏன் ஆடுகிறோம், எல்லாவற்றையும் கேட்டு எழுதினார். எல்லாவற்றையும்விட அவர் தெரிந்துகொள்ள ஆசைப்பட்டது பாம்பைப் பற்றி.

சிலர் வயிற்றில் மலைப்பாம்பு இருக்கிறது என்பது எங்கள் பக்கத்து நம்பிக்கை. சூனியம் என்று நாங்கள் சொல்வது அதைத்தான். பொறாமை முற்றினால் அது வெளியே போய் அடுத்த வீட்டு மாட்டின் பாலைக் குடிக்கும், குழந்தையின் உயிரைக் குடிக்கும் என்பார்கள். ஊரில் யாரைக் கேட்டாலும் பக்கத்து வீட்டுக்காரர் பாம்பைப் பற்றி நாள் முழுக்கப் பேசுவார்கள். தன்னிடம் இருக்கிறது என்று ஒருவரும் சொன்னதில்லை. யார்தான் சொல்வார்கள்?

டாக்டரம்மாவுக்கு அது பெரிய குறை. ஊரைவிட்டுக் கிளம்ப நான்கு மாதம் இருக்கும்போது ஒருநாள் நோட்டை மூடிவைத்துவிட்டு, "எல்லாரும் அடுத்தவரைத்தான் காட்டுகிறார்கள், அம்பாகிசியே. குற்றம் சாட்டப்பட்ட ஒருவர் மனசுக்குள் என்ன நடக்கிறது என்று என்னிடம் ஒரு வரிகூட இல்லை. இதுதான் முக்கியம், இதுவே இல்லாமல் திரும்பப் போகிறேன்" என்றார். அவர் அப்படிச் சோர்ந்து போய் நான் பார்த்ததில்லை. ஏதோ என்னால்தான் அது கிடைக்காமல் போகிறது என்று எனக்குப் பட்டது.

அந்தச் சமயத்தில்தான் எங்கள் பக்கத்துத் தோட்டத்துக்காரன் முவாங்கோகாவின் வீட்டில் சாவு விழுந்தது. அவனுக்கு இரண்டு மனைவிகள். மூத்தவள் துசாஜிக்வே. உரத்த குரல், உரத்த சிரிப்பு. அவள் இடது காதுமடல் கிழிந்திருக்கும், சின்ன வயதில் காதணியை ஆட்டுக்குட்டி கடித்து இழுத்துவிட்டதாம். "ஆடு கூட என் மேல ஆசைப்பட்டிருக்கு, இந்த முவாங்கோகாவுக்குத்தான் என் அருமை தெரியல" என்பாள். அவளுக்கு ஒரே மகள், சுபிலாகா. இளையவள் செகேலா. அவளுக்குப் பிறந்த ஆண் குழந்தை ஒன்று எட்டாம் மாதத்திலேயே போயிற்று. இப்போது இரண்டாவதும் இருமி இருமிச் செத்தது. ஊர் மூத்தவளைப் பார்த்தது. புருஷன் நல்ல கறவை மாட்டை இளையவளுக்குக் கொடுத்ததில் அவள் சண்டை போட்டிருந்தாள் என்பது எல்லாருக்கும் தெரியும்.

டாக்டரம்மா அவளிடம் போய்ப் பேச வேண்டும் என்றார். போனோம். துசாஜிக்வே முற்றத்தில் காப்பிக்கொட்டையை உலர்த்திக்கொண்டிருந்தாள். எங்களுக்குச் சுரைக்குடுவையில் புளித்த பால் கொடுத்தாள். அன்று அவள் சிரிக்கவில்லை.

டாக்டரம்மா சுற்றி வளைத்துக் கேட்டுவிட்டுக் கடைசியில் பாம்பைப் பற்றிக் கேட்டார். அவளிடம் அதைச் சொல்லவே எனக்கு நாக்கு கூசியது. ஆனாலும் சொன்னேன்.

துசாஜிக்வே கொட்டையைக் கிளறுவதை நிறுத்தினாள்.

"நான் என்னத்தைச் சொல்ல, தம்பி? மாட்டை அவளுக்குக் கொடுத்தப்ப எனக்குக் கோவம் வந்துச்சு. பொய் சொல்லல. வயித்துக்குள்ள அப்படியே புரண்டுச்சு. ரெண்டு நாள் சோறு எறங்கல. ஆனா அந்தக் குழந்தைய நான்தான் முதுகுல கட்டிட்டுத் திரிஞ்சேன். கேட்டுப் பாரு."

வயிறு புரண்டது என்பது எங்கள் மொழியில் யாரும் சொல்வதுதான். மழை தவறினாலும் சொல்வோம், மருமகன் மதிக்காவிட்டாலும் சொல்வோம். எனக்கு அது தெரியாதா?

நான் ஆங்கிலத்தில் சொன்னேன்: "மாட்டைக் கொடுத்தபோது தனக்குக் கோபம் வந்ததாகச் சொல்கிறாள். அப்போது வயிற்றுக்குள் பாம்பு புரண்டதாம்."

வேண்டுமென்று சொன்னேனா? இத்தனை வருடமாகக் கேட்டுக்கொண்டிருக்கிறேன். கேள்வியில் பாம்பு இருந்தது, அதனால் பதிலிலும் வந்துவிட்டது என்று முதலில் சமாதானம் சொல்லிக்கொண்டேன். ஆனால் சொல்லி முடித்த அந்தக் கணமே தப்பு என்று எனக்குத் தெரிந்துவிட்டது. திருத்துவதற்கு வாயைத் திறந்தேன். அதற்குள் டாக்டரம்மாவின் முகம் மலர்ந்துவிட்டது. குனிந்து வேகவேகமாக எழுத ஆரம்பித்தார். ஒரு நிமிடம் நிமிர்ந்து, "நன்றி, அம்பாகிசியே" என்றார், கண்ணெல்லாம் பளபளக்க. நான் வாயை மூடிக்கொண்டேன். குழந்தையை முதுகில் கட்டித் திரிந்ததைப் பிறகு சொன்னேன். அதையும் எழுதினாரா என்று தெரியாது.

அவர் ஊருக்குப் போனார். வருடங்கள் ஓடின. எங்கள் நாட்டுக்குச் சுதந்திரம் வந்தது. செகேலாவுக்கு ஒரு பெண் குழந்தை பிறந்து பிழைத்தது. நான்கு வயது வரை அது பெரியம்மா துசாஜிக்வேயின் முதுகை விட்டு இறங்கவில்லை. இரண்டு மனைவிகளும் ஒரே வரப்பில் குனிந்து அவரை விதை நடுவதை நானே பார்த்திருக்கிறேன். சுபிலாகாவை ஆற்றுக்கு அக்கரையில் ஒரு நல்ல குடும்பத்தில் கட்டிக்கொடுத்தார்கள். பழைய பேச்சு யார் வாயிலும் இல்லை.

1964இல் எனக்குத் தபாலில் ஒரு புத்தகம் வந்தது.

கெட்டி அட்டை. உள்ளே ஊரின் படம், ஆறு, தேவாலயம், தோட்டங்கள் எல்லாம் கோடு போட்டுக் காட்டியிருந்தது. முன்பக்கத்திலேயே என் பெயர்: 'என் நண்பர் அம்பாகிசியே இல்லாமல் இந்தப் புத்தகம் இல்லை.' நான் அந்தப் பக்கத்தை எத்தனை முறை பார்த்தேன் என்று சொன்னால் சிரிப்பீர்கள். முழுப் புத்தகத்தையும் படிக்கவில்லை. கையில் தூக்கிக்கொண்டு ஊரெல்லாம் காட்டினேன். புதிதாக வந்திருந்த பள்ளி ஆசிரியர் குவாகிசாவிடம் நானேதான் கொடுத்தேன். "படிச்சு எல்லாருக்கும் சொல்லுங்க சார், நம்ம ஊரு சீமை வரைக்கும் போயிருக்கு" என்றேன்.

குவாகிசா வேறு பள்ளத்தாக்குக்காரர், நல்ல மனிதர். ஞாயிற்றுக்கிழமை கோயில் முடிந்ததும் பள்ளி வராந்தாவில் உட்கார்ந்து பக்கம் பக்கமாக எங்கள் மொழியில் சொல்லுவார். முதல் இரண்டு வாரம் ஒரே சிரிப்பு.

"அடேய், மாமியாரைக் கண்டா நீ குழியில விழுந்து ஓடினதக் கூட எழுதியிருக்குடா!"

"அது நானில்ல, உங்கப்பன்!"

மூன்றாம் வாரம் பாம்பைப் பற்றிய பகுதி வந்தது. இருபத்து மூன்றாவது வழக்கு என்று ஒன்று. பெயரை மாற்றித்தான் எழுதியிருந்தார் டாக்டரம்மா. ஆனால் ஆற்றோரக் காப்பித்தோட்டக்காரனின் மூத்த மனைவி, இடது காது கிழிந்தவள், ஒரே மகள் உள்ளவள் என்று எழுதிவிட்டுப் பெயரை மாற்றி என்ன பயன்? எழுதியிருப்பது யாரைப் பற்றி என்று தெரியாமலே குவாகிசா படித்தார். "தன் வயிற்றில் பாம்பு புரண்டதை இந்தப் பெண் தன் வாயாலேயே ஒப்புக்கொண்டாள்."

பெண்கள் பக்கத்தில் உட்கார்ந்திருந்த துசாஜிக்வே எழுந்து, எல்லாரையும் ஒருமுறை பார்த்துவிட்டு, இறங்கிப் போனாள். செகேலா மடியிலிருந்த குழந்தையை இழுத்து அணைத்துக்கொண்டாள்.

வாயால் வந்த பேச்சென்றால் வாயால் அழிந்துபோகும். இது அச்சில் இருந்தது. எங்கள் ஊரில் அதுவரை உரக்கப் படித்த புத்தகம் வேதப்புத்தகம் ஒன்றுதான்.

அந்த மழைக்காலத்தில் செகேலாவின் குழந்தைக்குச் சளிக்காய்ச்சல் கண்டது. எல்லாக் குழந்தைக்கும் கண்ட காய்ச்சல்தான். செகேலா குழந்தையைத் தூக்கிக்கொண்டு தாய்வீட்டுக்குப் போய்விட்டாள். முவாங்கோகா மூத்தவளின் மூங்கில் வீட்டுப் பக்கம் போவதை நிறுத்தினான். அக்கரையிலிருந்து சுபிலாகா தலைச்சுமையோடு திரும்பி வந்தாள். பாம்பு தாயிடமிருந்து மகளுக்குப் போகும் என்பார்கள், அவள் வயிற்றில் அப்போது ஆறு மாதம். ஊர்க்கிணற்றுப் பக்கம் அவர்கள் வந்தால் மற்றவர்கள் குடத்தை எடுத்துக்கொண்டு நகர்ந்தார்கள்.

ஒருநாள் துசாஜிக்வே என் வீட்டுக்கு வந்தாள். உள்ளே வரவில்லை. வாசலிலேயே நின்றாள்.

"தம்பி, ஒண்ணே ஒண்ணு கேக்கணும். அன்னிக்கு டாக்டரம்மாகிட்ட நான் பாம்புன்னா சொன்னேன்?"

சொல்லியிருக்கலாம். இல்லை அக்கா, நான்தான் சொன்னேன் என்று நாலு வார்த்தை. அப்போது என்னைப் பள்ளிக்கூடக் கமிட்டியில் போட்டிருந்தார்கள். புத்தகத்தில் என் பெயர் இருப்பதைப் பார்த்து மாவட்ட அதிகாரியே எனக்குக் கை கொடுத்திருந்தார். அது மட்டும்தானா என்றால், அவள் முகத்தைப் பார்க்கப் பயம்.

"எட்டு வருஷம் ஆச்சேக்கா. எனக்கு சரியா நெனப்பில்ல."

அவள் போகத் திரும்பினாள். பிறகு, "நீ படிச்சவன். மாத்திச் சொல்லியிருக்க மாட்ட" என்றாள். "அப்ப என் வாயிலதான் வந்திருக்கு. இல்லையா? எனக்குத் தெரியாமலே வந்திருக்கு. பாம்பு இருக்கறவளுக்கே அது இருக்கறது தெரியாதும்பாங்களே... அந்த ரெண்டு புள்ளைங்களயும் நான்தான் முழுங்கினேனா தம்பி?"

அதுவரை ஊர்தான் அவளைச் சந்தேகப்பட்டது. அன்றைக்கு அவளே தன்னைச் சந்தேகப்பட ஆரம்பித்தாள். அப்படி ஆக்கியது நான். அப்போதும் நான் வாய் திறக்கவில்லை.

இந்தச் சந்தேகத்தைத் தீர்க்க எங்கள் முன்னோர்களிடம் ஒரு வழி இருந்தது. ஒரு மரத்தின் பட்டையை இடித்துச் சாறு கொடுப்பார்கள். வாந்தி எடுத்தால் வயிற்றில் ஒன்றுமில்லை என்று அர்த்தம். எடுக்காவிட்டால் பாம்பு சாற்றைப் பிடித்துக்கொண்டது என்று அர்த்தம். குடித்துச் சிலர் செத்துப்போனதால் வெள்ளைக்காரன் காலத்திலேயே அதைத் தடைசெய்துவிட்டார்கள், புது அரசாங்கமும் விடவில்லை. ஆனால் மலைமுகட்டுக்கு அப்பால் ஒரு வயசாளிக்கு அது தெரியும். துசாஜிக்வே யாரிடமும் சொல்லாமல் தனியாகப் போய் அவரைக் கூட்டி வந்தாள்.

"வேண்டாம்மா" என்று சுபிலாகா காலைக் கட்டிக்கொண்டு அழுதாள்.

"எனக்குத் தெரிஞ்சாகணும்டி. உன் வயித்துல இருக்கறதுக்கும் தெரியணும்ல."

காலை மழை விட்டதும் அவள் முற்றத்தில் ஊரே கூடியது. செகேலாவும் குழந்தையோடு வந்து தூரத்தில் நின்றாள். துசாஜிக்வே இரண்டு நாளாக ஒன்றும் சாப்பிடாமல் இருந்தாள். மூன்று குடுவை குடித்தாள். உட்கார்ந்தாள். வெயில் ஏறிற்று. ஒன்றும் நடக்கவில்லை. கூட்டத்தில் முணுமுணுப்பு எழுந்தது. அவள் முகத்தில் வேர்வை வழிந்தது. அவள் கண்ணில் இருந்த பயத்தை நான் சாகும்வரை மறக்கமாட்டேன். அவள் சாவுக்குப் பயப்படவில்லை. தன் வயிற்றுக்குப் பயந்தாள்.

பிறகு எடுத்தாள். குடல் வெளியே வருவதுபோல் எடுத்தாள். பெண்கள் குலவையிட்டார்கள். அவள் மண்ணில் கையை ஊன்றிக் குனிந்து பார்த்து, "தண்ணி! வெறும் தண்ணி! பாத்தீங்களா?" என்று சிரித்தாள். அந்தப் பழைய உரத்த சிரிப்பு. செகேலா ஓடிவந்து அவள் தோளில் விழுந்தாள். "அக்கா, என்னை மன்னிச்சிடுக்கா." முவாங்கோகா ஒரு குடுவைப் பாலைக் கொண்டுவந்து அவள் பக்கத்தில் வைத்தான்.

வாந்தி நிற்கவில்லை. அடுத்த நாளும் நிற்கவில்லை. மிஷன் ஆஸ்பத்திரிக்குத் தூக்கிக்கொண்டு போகிறோம் என்றோம். அவள் கேட்கவில்லை. "அங்க போனா ஊசி போட்டுத்தான் பொழைச்சான்னு ஒருத்தன் எழுதி வைப்பான். விடுங்க." மூன்றாம் நாள் மத்தியானம் செத்துப்போனாள். அவளுடைய சாவுக்கு ஊரே வந்து ஆடியது. அவ்வளவு பெரிய ஆட்டத்தை அதற்கு முன் நான் பார்த்ததில்லை.

நாற்பது நாள் பொறுத்துச் சுபிலாகாவிடம் போனேன். அவள் பிஞ்சு வாழைக்காய் சீவிக்கொண்டிருந்தாள். உட்கார்ந்து எல்லாவற்றையும் சொன்னேன். உன் அம்மா வயிறு புரண்டது என்றுதான் சொன்னாள், பாம்பைச் சேர்த்தது நான் என்று சொன்னேன். வாசலில் வந்து கேட்டபோது பொய் சொன்னதையும் சொன்னேன்.

அவள் கத்தவில்லை. கத்தியைக் கீழே வைத்தாள்.

"இதை அம்மாகிட்ட சொல்லியிருக்கலாமே மாமா. அவங்க கேட்டப்பவே. எங்கிட்ட எதுக்கு இப்ப சொல்றீங்க?"

அடுத்த ஞாயிறு கோயிலில் எழுந்து நின்று எல்லார் முன்னாலும் அதையே சொன்னேன். பாதியிலேயே சிலர் எழுந்து போனார்கள். சிலர், செத்தவள் மேல் இரக்கப்பட்டு இவன் பழியைத் தன் தலையில் போட்டுக்கொள்கிறான் என்றார்கள். அப்படிச் சொன்னதுதான் என்னை அதிகம் சுட்டது.

டாக்டரம்மாவுக்குக் கடிதம் எழுதினேன். பதில் வரவில்லை. ஆறு மாதம் கழித்து அவரே வந்தார். முடி நரைத்திருந்தது. கையில் நோட்டு இல்லை. என் முகத்தைப் பார்த்ததும், "நானும் இன்னொருவரிடம் கேட்டுச் சரிபார்த்திருக்க வேண்டும். எனக்கு அந்த வரி தேவையாக இருந்தது, அதனால் பார்க்கவில்லை" என்றார். என்னைத் திட்டுவார் என்று நினைத்தேன். திட்டியிருந்தால் நன்றாக இருந்திருக்கும்.

சுபிலாகாவின் வீட்டுக்குக் கூட்டிப்போனேன். இடுப்பில் பெண் குழந்தை. நான்தான் மொழிபெயர்த்தேன், குவாகிசா மாற்றலாகிப் போயிருந்தார், வேறு ஆள் இல்லை. ஒவ்வொரு வார்த்தையையும் எடைபோட்டு வைத்தேன்.

"அந்தப் புத்தகம் எத்தனை இருக்கு?" என்று கேட்டாள் சுபிலாகா.

"எண்ணூறு."

"எங்கெல்லாம்?"

டாக்டரம்மா ஊர்ப் பெயர்களைச் சொன்னார். லண்டன், பாரிஸ், ஓஸ்லோ, அமெரிக்காவில் சில ஊர்கள். சுபிலாகா ஒவ்வொன்றையும் வாய்க்குள் சொல்லிப் பார்த்தாள்.

"அங்கெல்லாம் எங்கம்மா தன் வாயால அப்படிச் சொன்னாங்கன்னு இருக்கா?"

"இருக்கிறது" என்றார் டாக்டரம்மா. "அடுத்து அச்சடிக்கும்போது மாற்றிவிடுவேன். பத்திரிகையில் எழுதுவேன்."

"அந்தப் பத்திரிகை இங்க வருமா?"

டாக்டரம்மா இல்லையென்று தலையசைத்தார். பிறகு, "உன் அம்மா எப்படிப்பட்டவள் என்று எனக்குச் சொல்வாயா? அவளை ஒருமுறைதான் பார்த்தேன்" என்று கேட்டார்.

"சொன்னா எழுதிடுவீங்க."

"எழுத மாட்டேன்."

"அப்ப உங்களுக்கு எதுக்கு?" என்றாள் சுபிலாகா. கோபமாகச் சொல்லவில்லை. நிஜமாகவே தெரிந்துகொள்ளக் கேட்டாள். நான் அதை அப்படியே மொழிபெயர்த்தேன். டாக்டரம்மா இரண்டு கைகளாலும் முகத்தை மூடிக்கொண்டு அழுதார். சுபிலாகா எழுந்துபோய் அவருக்கு ஒரு குடுவைப் பால் கொண்டுவந்து கொடுத்தாள். வந்தவர்களுக்கு அதைக் கொடுக்காமல் அனுப்ப எங்கள் ஊரில் யாருக்கும் மனம் வராது.

அவர் மறுநாள் போய்விட்டார். இரண்டாம் பதிப்பு வந்தது. அந்த வரி இல்லை. பக்கத்தின் அடியில் பொடி எழுத்தில் ஒரு குறிப்பு, மொழிபெயர்ப்பில் பிழை நேர்ந்தது என்று. நானே அதைப் பள்ளி வராந்தாவில் உரக்கப் படித்தேன். கேட்க நாலு பேர் வந்தார்கள்.

சுபிலாகாவைப் புருஷன் வீட்டார் வந்து அழைத்தார்கள். போகவில்லை. தாயின் தோட்டத்திலேயே இருந்து மகளை வளர்த்தாள். இப்போது அவளுக்கும் முடி நரைத்துவிட்டது. என்னை வெறுக்கிறாளா என்று கேட்டதில்லை. தினமும் காலையில் தண்ணீருக்குப் போகும்போது வழியில் நின்று, எங்கள் ஊர் வழக்கப்படி, "தூங்கினீங்களா மாமா?" என்று கேட்பாள். அந்த வணக்கத்துக்கு எங்கள் மொழியில் ஒரே ஒரு பதில்தான் உண்டு.

"தூங்கினேம்மா" என்பேன். அவள் குடத்தை எடுத்துக்கொண்டு போவாள்.